சத்தியத்தின் மேல் படிந்த வண்டல்

அரியாங்குப்பம்
10.10.2024

அண்ணிக்கு,

அன்புசெல்வி எழுதுவது. பிரித்ததும் கிழித்துப் போட்டுவிடாதீர்கள். இது பேச்சு இல்லை, எழுத்து. உங்கள் தம்பியின் கருமாதி அன்று ஆற்றங்கரையில் எல்லார் முன்னாலும் நம் படுகை மண்ணை ஒரு கை வாரி என் காலடியில் இறைத்தீர்கள். "இந்த மண்ணு மேல சத்தியம், இனிமே உங்கூட ஒரு வார்த்த பேசமாட்டேன்டி" என்றீர்கள். எழுத மாட்டேன் என்று சொல்லவில்லை. நான் நன்றாகக் காது கொடுத்துத்தான் கேட்டேன். போன் போட்டால் எடுக்க மாட்டீர்கள், எடுத்தாலும் அது பேச்சுதான். அதனால் எழுதுகிறேன்.

நான் ஐந்தாவது வரைதான் படித்தேன். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். சிரிப்பு வந்தால் சிரித்துக்கொள்ளுங்கள், நீங்கள் சிரித்து நாளாகிறது. எங்கள் தெரு அம்மாவாசை அண்ணன் உங்கள் முதலியார்பேட்டைப் பக்கம்தான் ஷேர் ஆட்டோ ஓட்டுகிறார். அவரிடம் கொடுத்து அனுப்புகிறேன். "ஆத்துக்கு இந்தாண்ட ஒரு பொம்பள, அந்தாண்ட ஒரு பொம்பள, நடுவுல நான் தபால்காரனா?" என்று கேட்டார். ஆனாலும் வாங்கிக்கொண்டார்.

விஷயம் இதுதான். நேற்று அரிகிருஷ்ணன் என்று ஒருத்தர் டேப்பு வைத்துக்கொண்டு படுகையில் நின்றார். பிளாட் போட்டு விற்கிறவராம். "உங்க நாத்தனார் சொல்லித்தாம்மா வந்தேன். ஆத்தப் பாத்தாப்புல வீடு கட்டுனா ஜனம் அள்ளிக்கிட்டுப் போவும்" என்றார். "ஆத்த நீங்க பாக்கலாம், ஆறும் உங்கள வந்து பாக்கும், அதையும் நோட்டீஸ்ல போடுங்க" என்று சொல்லி அனுப்பிவிட்டேன்.

படுகை மாமியார் வழி வந்தது. உங்கள் பேரிலும் உங்கள் தம்பி பேரிலும் பத்திரத்தில் பிரிக்காமல் இருக்கிறது. அவர் பங்கு இப்போது என்னுடையது. முழுவதும் விற்க வேண்டுமானால் இரண்டு பேரும் கையெழுத்துப் போட வேண்டும். நான் போட மாட்டேன். இதைச் சொல்லத்தான் எழுதினேன்.

அவர் செருப்பு இன்னும் மோட்டார் கொட்டகை வாசலில் கழற்றிப் போட்டபடியே இருக்கிறது. நான் எடுக்கவில்லை. எடுத்து எங்கே வைப்பது?

அன்புசெல்வி


முதலியார்பேட்டை
16.10.2024

அன்புசெல்விக்கு,

எழுதுவது என் சத்தியத்தில் சேருமா சேராதா என்று நீ எனக்குச் சொல்லித்தர வேண்டாம். சேராது என்று எனக்கும் தெரியும். அதனால்தான் பதில்.

பலராமனை இடுப்பில் வைத்து வளர்த்தவள் நான். அம்மா வயலுக்குப் போய்விடுவாள், அவன் என் இடுப்பிலேயே கிடப்பான். இந்தப் பக்கம் இடுப்பு இன்னும் கொஞ்சம் சாய்ந்துதான் இருக்கிறது. அவனைக் கல்யாணம் பண்ணிக் கொடுத்தபோது முழு ஆளாகத்தான் உன்னிடம் கொடுத்தேன். நீ எனக்குத் திருப்பிக் கொடுத்தது என்ன?

மூன்று வருஷமாகத் தலைதலையாய் அடித்துக்கொண்டேன். "அந்தச் சேத்த வித்துட்டு டவுனுக்கு வாடா, இங்க ஒரு கடை போட்டு உக்காரு" என்று. ஒவ்வொரு தடவையும் தலையை ஆட்டுவான். வீட்டுக்குப் போனால் நீ என்ன சொல்வாயோ, மறுநாள் மறுபடி மண்வெட்டிதான். ஐம்பது வயசு ஆளை மாடு மாதிரி இழுக்கவிட்டாய். நெஞ்சு வலிக்கிற ஆளைப் பக்கத்தில் இருந்தவள் கவனிக்க வேண்டாமா?

எனக்கு அந்த இடம் கண்ணில் படக்கூடாது. அவன் விழுந்த இடத்தின் மேல் வீடு நிற்கட்டும், யாரோ குடும்பம் நடத்தட்டும், பிள்ளைகள் ஓடட்டும். அப்போதுதான் எனக்குத் தூக்கம் வரும். உனக்குப் பிள்ளை இல்லை, குட்டி இல்லை. யாருக்காக அதைக் காத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாய்?

கையெழுத்துப் போடு. அதற்குமேல் உன்னிடம் எனக்கு ஒன்றும் வேண்டாம்.

ராஜாம்பாள்


அரியாங்குப்பம்
3.11.2024

அண்ணிக்கு,

தீபாவளி போயிற்று. இந்த வருஷம் நமக்கு இல்லை. பக்கத்து வீட்டில் வெடி வெடித்தபோது உங்கள் வீட்டிலும் இருட்டாகத்தான் இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன்.

உங்கள் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். முதல் தடவை அழுகை வந்தது. இரண்டாவது தடவை கோபம் வந்தது. கோபம் வந்த பிறகுதான் சோறு இறங்கியது.

அன்று காலையில் அவர் நெஞ்சு வலி என்று சொல்லவில்லை அண்ணி. "பசிக்குதுடி" என்றார். கூழ்த் தூக்கை எடுக்கக் கொட்டகைக்குள் போனேன். திரும்பி வந்தபோது கத்தரிச் செடி நடுவில் ஒருக்களித்துப் படுத்திருந்தார். விளையாடுகிறார் என்று நினைத்து, "எழுந்திரு, கூழு ஆறுது" என்றேன். கூழ் எப்போதும் ஆறித்தான் இருக்கும். இதற்குமேல் எனக்கு எழுத வரவில்லை. நீங்கள் கேட்டதால் எழுதினேன், இனி கேட்காதீர்கள்.

யாருக்காகக் காக்கிறாய் என்று கேட்டீர்கள். எனக்காகத்தான். நானும் ஒரு ஆள்தான் அண்ணி. காலையில் எழுந்தால் எனக்கு ஒரு வேலை வேண்டும், போக ஓர் இடம் வேண்டும். பெரிய மார்க்கெட்டில் என் கத்தரிக்காயைப் பார்த்ததும், "படுகக் கத்திரியாம்மா?" என்று கேட்டு எடுக்கிற ஆட்கள் இருக்கிறார்கள். அந்தக் காயில் உள்ள ருசி நான் போட்ட உரம் இல்லை. ஆறு எப்போதோ பெருகி வந்தபோது போட்டுவிட்டுப் போன வண்டல். மாமியாருக்கு முன்னால் இருந்து அது அப்படித்தான் கொஞ்சம் கொஞ்சமாக ஏறிச் சமமாகி நிலமாகியிருக்கிறது. நம் குடும்பத்தில் யாரும் அதை உண்டாக்கவில்லை. நாம் உழுதோம், அவ்வளவுதான்.

அரிகிருஷ்ணன் அதன் மேல் இடித்த கட்டடத்துக் கல்லையும் செங்கல்லையும் கொட்டி மேடாக்கப் போகிறாராம். அங்கே வருகிற தண்ணீர் அப்புறம் எங்கே போகும் என்று அவரிடம் கேட்டேன். "அது கவர்மெண்டு பாக்கும்மா" என்றார். கவர்மெண்டு வந்து பார்க்கும், அதற்குள் தண்ணீர் வந்துவிடும்.

கையெழுத்து கிடையாது.

அன்புசெல்வி


முதலியார்பேட்டை
21.11.2024

அன்புசெல்விக்கு,

உன் கையெழுத்து எனக்கு வேண்டாம்.

வக்கீலிடம் கேட்டுவிட்டேன். என் பாதியை நான் தனியாக விற்கலாம். அரிகிருஷ்ணன் அதையே எடுத்துக்கொள்கிறேன் என்கிறார். பொங்கல் கழிந்து தை மாதத்தில் பத்திரப் பதிவு. என் பங்கில் மண்ணும் கல்லும் கொட்டி உயர்த்துவார். உன் பங்கு அதற்குப் பின்னால் குட்டை மாதிரி நிற்கும். மழைத் தண்ணீர் வடிய வழி இருக்காது. அப்போது உன் கத்தரிச் செடி எங்கே நிற்கிறது என்று பார்க்கலாம். நீயே அவர் வாசலுக்குக் கையெழுத்தோடு போவாய்.

உன்மேல் கோபத்தில் செய்கிறேன் என்று நினைக்காதே. கோபமும் இருக்கிறது. ஆனால் நான் எழுதியதுதான் காரணம். எனக்கு அந்த இடம் வேண்டாம்.

அன்று அவன் "பசிக்குது" என்று சொன்னதை நீ எனக்கு எழுதியிருக்க வேண்டாம். அதிலிருந்து காலையில் கூழ் குடிக்க முடியவில்லை.

ராஜாம்பாள்


அரியாங்குப்பம்
9.12.2024

அண்ணிக்கு,

உயிரோடு இருக்கிறேன். நீங்களும் இருக்கிறீர்கள் என்று அம்மாவாசை அண்ணன் சொன்ன பிறகுதான் உட்கார்ந்தேன். உங்கள் தெருவில் தண்ணீர் என்று கேள்விப்பட்டதிலிருந்து மனசு சரியில்லை. அவர் ஆட்டோவும் மூன்று நாள் தண்ணீரில் கிடந்ததாம். "எம்மா, அதுக்கு நீச்சல் தெரியல" என்றார்.

புயல் அன்று காற்று. அது பெரிதில்லை. அதற்கு அப்புறம்தான் மேற்கே பெய்த மழையும் அணை திறந்த தண்ணீரும் சேர்ந்து வந்தது. நான் பாலத்தில் நின்று பார்த்தேன். நம் படுகை எங்கே இருக்கிறது என்று சொல்ல முடியவில்லை. ஒரே செம்மண் தண்ணீர், கடல் வரைக்கும் ஆறுதான். வைக்கோல் போர் ஒன்று முழுசாக, மேலே நின்ற கோழியோடு மிதந்து போயிற்று. என் பக்கத்தில் நின்ற ஆள், "போச்சு, எல்லாம் போச்சு" என்றார். எனக்கு அப்படித் தோன்றவில்லை. இவ்வளவு தண்ணீர் இங்கே படுத்துக்கொண்டதே, இங்கே இடம் இல்லாமல் போயிருந்தால் இதெல்லாம் எந்தத் தெருவுக்குப் போயிருக்கும் என்றுதான் நினைத்தேன்.

தண்ணீர் வடிந்ததும் போனேன். மோட்டார் கொட்டகை இல்லை. கத்தரி இல்லை. வரப்பு இல்லை. உங்கள் பங்கு எது, என் பங்கு எது என்று சொல்ல ஒரு அடையாளமும் இல்லை. ஒரே சமமாக, யாரோ கையால் தடவி மெழுகினாற்போல் புது மண். அவர் செருப்பும் இல்லை. நான் எடுத்து வைக்கத் தெரியாமல் விட்டதை ஆறு எடுத்துக்கொண்டுவிட்டது. அதற்கு மட்டும் கொஞ்ச நேரம் அழுதேன்.

அப்புறம் கைவிட்டுப் பார்த்தேன். ஆற்று ஓரம் மேட்டில் மணலாக இருக்கிறது. உள்ளே பள்ளத்துப் பக்கம் போகப் போக மாவு மாதிரி வண்டல், விரலில் பிசுபிசுவென்று ஒட்டுகிறது. முழங்கால் ஆழத்துக்கு ஏறியிருக்கிறது அண்ணி! செஞ்சிப் பக்கத்து மலையிலிருந்தும், வழியில் இருக்கிற ஊர்களின் வயலிலிருந்தும் வந்த மண். ஊரார் மண்ணெல்லாம் நம் வீட்டுக்கு வந்துவிட்டது.

இப்போது நன்றாகக் கேளுங்கள். நீங்கள் கையில் வாரிச் சத்தியம் பண்ணிய மண் முழங்கால் ஆழத்தில் கீழே போய்விட்டது. இப்போது மேலே இருக்கிற மண்ணின் மேல் நீங்கள் ஒரு சத்தியமும் பண்ணவில்லை. அதனால் வந்து இதன்மேல் நின்று என்னிடம் பேசலாம். திட்டுவதாக இருந்தாலும் சரிதான்.

அன்புசெல்வி


முதலியார்பேட்டை
15.12.2024

அன்புசெல்விக்கு,

வீட்டுக்குள் முழங்கால் தண்ணீர். பிரிட்ஜ் படகு மாதிரி கூடத்தில் சுற்றி வந்தது. என் வீட்டுக்காரர், உங்கள் அண்ணன், மில் வேலைக் காலத்திலிருந்து சேர்த்துவைத்த கட்டில், பாய், தலையணை எல்லாம் குப்பைக்குப் போயிற்று. எதிர்வீட்டுச் சொல்தா இருக்கிறாரே, பிரெஞ்சுப் பட்டாளத்துப் பென்ஷன்காரர், அவர் மாடியில்தான் எங்களுக்கு இடம் கொடுத்தார். நல்ல மனுஷன். ஆனால் காலையில் ரொட்டியும் வெறும் காப்பியும்தான். என் வயிறு இட்லிக்கு ஏங்கிற்று.

தண்ணீர் வடிந்ததும் சாமி அறையில் சேறு. வழித்து வழித்து வாளியில் ஊற்றினேன். அந்த வாடை எனக்குத் தெரிந்த வாடை. பலராமன் ஞாயிற்றுக்கிழமை வந்து உட்காரும்போது அவன் காலிலிருந்து வருமே, அதே வாடை. துடைப்பத்தைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்துவிட்டேன்.

அதனால் என் மனசு மாறிவிட்டது என்று நினைக்காதே. அரிகிருஷ்ணன் வந்து குதிக்காத குறை. "எக்கா, ஆறே நமக்கு நிலத்த ஒசத்திக் கொடுத்துடுச்சு. லாரி மண்ணே பாதி மிச்சம்" என்கிறார். தையில் பதிவு உறுதி.

சத்தியம் பற்றி எழுதியிருந்தாய். உன் மூளையே மூளை. செத்தவன் மேல் மண்ணைப் போட்டால் செத்தது இல்லையென்று ஆகிவிடுமா? கீழே போனாலும் அது அங்கேதான் இருக்கிறது. நான் சொன்ன சொல்லும் அங்கேதான் இருக்கிறது.

தை பிறக்கப் போகிறது. வருஷா வருஷம் பொங்கல் சீர் என்று சிறுவள்ளிக் கிழங்கு மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு வாசலில் நின்று, "எக்கா, ஆத்தக் கொண்டாந்திருக்கேன், எறக்கு" என்பான். புடவை, வெல்லம் எல்லாம் ஊரார் தம்பிகளும் கொண்டுவருவார்கள். ஆற்றைக் கொண்டுவந்த தம்பி எனக்கு மட்டும்தான் இருந்தான். இந்த வருஷம் எனக்குச் சீர் கொண்டுவர யார் இருக்கிறார்கள்? அதற்கு உன் புது மண்ணில் ஏதாவது பதில் இருக்கிறதா?

ராஜாம்பாள்


அரியாங்குப்பம்
22.12.2024

அண்ணிக்கு,

புது மண்ணில் இல்லை. பழைய மண்ணில் இருக்கிறது.

உங்கள் சீரை அவர் வைத்துவிட்டுத்தான் போயிருக்கிறார். வைகாசியில் சிறுவள்ளி நட்டார். மேட்டிலும் நட்டார், பள்ளத்திலும் நட்டார். "எங்கக்காவுக்கு இந்த வருசம் ரெண்டு மூட்ட" என்று சொல்லிக்கொண்டே நட்டார். கொடியை வெள்ளம் அடித்துக்கொண்டு போய்விட்டது. கிழங்கு போகாது. அது மண்ணுக்குள் இருக்கிறது. நீங்கள் சத்தியம் பண்ணிய அதே மண்ணுக்குள், அதன் மேல் ஆற்று வண்டலைப் போர்த்திக்கொண்டு கிடக்கிறது.

அரிகிருஷ்ணன் இதன் மேல் கல்லைக் கொட்டினால் அந்தக் கிழங்கு அதற்கடியில் போய்விடும். உங்கள் தம்பி கடைசியாக வைத்த சீரின் மேல்தான் யாரோ வீடு கட்டுவார்கள். உங்களுக்கு அந்த வீட்டைப் பார்த்தால் தூக்கம் வருமா என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

உங்களோடு ஒரு பந்தயம் போடுகிறேன். பழைய சொல்லுக்கு ஒரு புதிய சொல். தை ஐந்தாம் நாள் ஆற்றுத் திருவிழா. அன்று நீங்கள் படுகைக்கு வாருங்கள். உங்கள் கண் முன்னால் நான் தோண்டுகிறேன். கிழங்கு அழுகாமல் இருந்தால் நீங்கள் உங்கள் பாதியை விற்கக் கூடாது. அழுகியிருந்தால் உங்கள் பாதி மட்டும் எதற்கு, என் பாதிக்கும் சேர்த்துக் கையெழுத்துப் போட்டுத் தருகிறேன்.

எனக்குப் பயமில்லை. ஆற்று வண்டல் கெடுதல் செய்து நான் பார்த்ததில்லை. முளைக்கீரை விதைத்திருக்கிறேன், பச்சைப் பாய் விரித்தாற்போல் வந்துகொண்டிருக்கிறது. அம்மாவாசை அண்ணனிடம் பறித்துக் கொடுக்கிற அளவுக்கு இன்னும் வளரவில்லை.

அன்புசெல்வி


முதலியார்பேட்டை
5.1.2025

அன்புசெல்விக்கு,

உன் கடிதத்தை உங்கள் அண்ணனிடம் படித்துக் காட்டினேன். "அந்தப் பொண்ணு உன்ன மாதிரியே இருக்குது, அதான் உனக்கு ஆகல" என்றார். சொல்தா வீட்டுக் காப்பி குடித்ததிலிருந்து அவருக்கு வாய் கூடிவிட்டது.

துக்க வருஷத்தில் நமக்குத் திருவிழா கிடையாது. சீரும் கிடையாது. கிழங்கைப் பார்க்க மட்டும் வருகிறேன். சாமி தீர்த்தவாரிக்கு வரும் பக்கம் வர மாட்டேன். உன்னிடம் பேசவும் மாட்டேன்.

பந்தயத்துக்குச் சம்மதம். ஆனால் தோண்டும் இடத்தை நான்தான் சொல்வேன். உள்ளே பள்ளத்துப் பக்கம், வேலியோரத்து வேம்புக்கு நேரே. வேறு எங்கும் கை வைக்கக் கூடாது. அங்கே நல்ல கிழங்கு இருந்தால் நான் தோற்றேன். இல்லை என்றால் நீ தோற்றாய். அப்புறம் அது இது என்று பேச்சு மாற்றக் கூடாது.

அரிகிருஷ்ணனிடம் பதிவைத் திருவிழா கழித்து வைத்துக்கொள்ளலாம் என்று சொல்லிவிட்டேன். கிழங்குக்காகத் தள்ளிவைக்கிறேன் என்று சொல்லவில்லை. சிரிப்பார்.

ராஜாம்பாள்


அரியாங்குப்பம்
19.1.2025

அண்ணிக்கு,

நீங்கள் பார்த்ததைத்தான் எழுதுகிறேன். ஆனாலும் எழுத வேண்டும், ஏனென்றால் சொல் கொடுத்தவள் நான்.

அக்கரையில் கூட்டம், பலூன், ராட்டினம், கரும்பு, மேளம். இக்கரையில் நாம் இரண்டு பேர், நடுவில் அம்மாவாசை அண்ணன். "பேசுங்கம்மா யாராச்சும், எனக்கு வாய் வலிக்குது" என்று அவர் புலம்பியது உங்களுக்குச் சிரிப்பு மூட்டியது. நீங்கள் திரும்பிக்கொண்டாலும் தோள் குலுங்கியதைப் பார்த்தேன்.

நீங்கள் சொன்ன இடத்தில்தான் தோண்டினேன். மேல் வண்டல் வெண்ணெய் மாதிரி வெட்டுப்பட்டது. அதற்கும் கீழே பழைய மண் கருப்பாகத் தெரிந்ததும் மண்வெட்டியைப் போட்டுவிட்டுக் கையால் தோண்டினேன். முதல் கிழங்கு கையில் வந்தபோதே தெரிந்துவிட்டது. அமுக்கினால் உள்ளே போனது. அடுத்ததும் அப்படி. அதற்கடுத்ததும். வாடை. நீங்கள் முந்தானையை மூக்கில் வைத்துக்கொண்டு நின்றீர்கள். அந்த மாவு வண்டல் தண்ணீரை விடாமல் பிடித்துவைத்து, கிழங்கை ஊறப்போட்டுக் கெடுத்திருக்கிறது. கெடுதல் செய்து பார்த்ததில்லை என்று எழுதினேன். இப்போது பார்த்துவிட்டேன்.

கை கழுவ ஆற்றில் இறங்கினேன். கொஞ்ச நேரம் கரைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அங்கேயே உட்கார்ந்திருந்தேன். அக்கரை மேளத்தில் நான் அழுதது யாருக்கும் கேட்டிருக்காது. நான் அழுதது நிலத்துக்கு இல்லை. அவர் உங்களுக்கு வைத்தது அழுகிப்போனதற்கு.

மேலே ஏறி வந்தபோது நீங்களும் இல்லை, ஆட்டோவும் இல்லை. தோற்றவள் முகத்தைப் பார்க்க வேண்டாம் என்று போய்விட்டீர்கள் என்று நினைக்கிறேன். நல்லதுதான். போகும்போது மேட்டு மணலில் பெரிய பள்ளம் ஒன்று பறித்துப் போட்டிருப்பதைப் பார்த்தேன். பன்றி வந்திருக்கும் போல. இந்தப் பக்கம் பன்றி வந்து நாளாகிறது.

சொன்ன சொல் மாற மாட்டேன். பதிவு என்றைக்கு என்று அம்மாவாசை அண்ணனிடம் சொல்லி அனுப்புங்கள். வந்து கையெழுத்துப் போடுகிறேன். ஒன்று மட்டும் கேட்கிறேன். அதற்குள் முளைக்கீரையைப் பறித்துக்கொள்ள விடுங்கள். ஒரு கட்டு இதோடு வருகிறது. அந்த வண்டல் கிழங்குக்குத்தான் கெடுதல், கீரைக்கு இல்லை. தின்று பாருங்கள்.

அன்புசெல்வி


முதலியார்பேட்டை
23.1.2025

செல்விக்கு,

பன்றி இல்லை. நான்.

நீ ஆற்றில் இறங்கியதும் நான் மேட்டுக்குப் போனேன். அம்மா காலத்திலிருந்தே எங்கள் வீட்டில் சிறுவள்ளி மேட்டில்தான் நிற்கும். மணல் தண்ணீரைப் பிடித்துவைக்காது, வடியவிட்டுவிடும். வெள்ளம் வந்த வருஷம்கூட அம்மா மேட்டிலிருந்து கிழங்கு எடுத்ததை நான் பார்த்திருக்கிறேன். அதனால்தான் உனக்குப் பள்ளத்தைக் காட்டினேன். பந்தயம் என்றால் ஜெயிக்கத்தான் போடுவார்கள்.

ஜெயித்துவிட்டேன். ஜெயித்து நின்றபோது உன் கையில் கிடந்த அந்த அழுகலைப் பார்த்தேன். என் தம்பி எனக்கு வைத்தது அதுதானா, அவ்வளவுதானா என்று இருந்தது. கால் தானாக மேட்டுக்குப் போயிற்று. மண்வெட்டியை நீ பள்ளத்திலேயே போட்டுவிட்டாய். கையால்தான் பறித்தேன். வளையல் ஒன்று உடைந்தது. அம்மாவாசை, "எக்கா, சொல்லுங்க நான் தோண்டறேன்" என்று பின்னாலேயே வந்தான். விடவில்லை.

இருந்தது செல்வி. ஒன்றல்ல, இரண்டல்ல. முந்தானையில் கொள்ளாமல் ஆட்டோ சீட்டிலும் கொட்டினேன். ஒன்றுகூட மெத்தென்று இல்லை. நீ ஆற்றிலிருந்து ஏறி வந்து, "என்ன அண்ணி" என்று கேட்டிருந்தால் நான் வாயைத் திறந்திருப்பேன். திறந்தால் அழுகையும் சத்தியமும் ஒன்றாக உடைந்திருக்கும். அதனால் ஓடிவந்துவிட்டேன். பன்றி மாதிரித்தான் ஓடினேன், நீ எழுதியது சரிதான்.

வீட்டுக்கு வந்து குழாயடியில் குந்தி உட்கார்ந்தேன். கிழங்கில் ஒட்டியிருந்தது பழைய மண். நான் வாரி இறைத்தேனே, அந்தக் கருப்பு மண்ணேதான். ஒவ்வொரு கிழங்காகத் தேய்த்துத் தேய்த்துக் கழுவினேன். தண்ணீர் கருப்பாக ஓடி, என் சத்தியத்தையும் இழுத்துக்கொண்டு முருங்கை மரத்தடிக்குப் போயிற்று. யாராவது கிழங்கை மண்ணோடு அவிப்பார்களா? கழுவிய பிறகுதான் அவித்தோம். உங்கள் அண்ணன் வெல்லம் தொட்டுத் தின்றார். நான் வெறுமனே தின்றேன். உன் கீரையையும் கடைந்தேன். உப்புப் போட மறந்துவிட்டேன், ஆனாலும் நன்றாக இருந்தது.

நேற்று அரிகிருஷ்ணன் பத்திரத்துக்கு நாள் குறிக்க வந்தார். ஒரு தட்டில் இரண்டு கிழங்கு வைத்துக் கொடுத்தேன். தின்றுவிட்டு, "நல்லாருக்குதே எக்கா, எங்க வாங்குனது?" என்றார். "நீ கல்லு கொட்டறேன்னியே, அங்க" என்றேன். எழுந்து போய்விட்டார். போகும்போது கையைத் துடைத்துக்கொண்டுதான் போனார்.

பந்தயத்தில் தோற்றவள் நீதான், அதை மறந்துவிடாதே. உன் கையெழுத்து எனக்கு வர வேண்டியதுதான். ஆனால் என் கையெழுத்தை நான் போட மாட்டேன், அப்புறம் உன்னுடையதை வைத்துக்கொண்டு நான் என்ன பண்ணுவேன்? மேட்டில் பாதி வரிசைதான் பறித்திருக்கிறேன். மீதி அங்கேயே கிடக்கிறது. அதில் விதைக்கிழங்கு எடுத்துவை. வைகாசியில் நட வேண்டும். பள்ளத்தில் நடாதே, உனக்குத் தெரியாது.

இனி அம்மாவாசையிடம் காகிதம் கொடுத்து அனுப்பாதே. நாலாவது கடிதத்திலிருந்து அவன் வழியிலேயே படித்துவிட்டு என்னிடம் நியாயம் பேசுகிறான்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் நானே வருகிறேன். கூழ் கரைத்துவை. புரட்டாசியிலிருந்து வாயில் அடக்கிவைத்தது நிறைய இருக்கிறது. பாதி திட்டு. அதை முதலில் முடித்துவிடுகிறேன்.

அண்ணி